முறிகண்டித் தேங்காய்

கொக்குவிலில் ஒரு ஆச்சியைச் சென்னைக்கு விமானம் ஏற்றிவிட என்னுடைய வானைக் கூப்பிட்டிருந்தார்கள். கண் சத்திரசிகிச்சை. மகள் அங்கே காத்திருக்கிறாள். நான் போய் வாசலில் நிறுத்தியபோது ஆச்சி வெளிக்கிட்டு நின்றார். ஒரு கையில் தலையணை, மறு கையில் சுடுதண்ணிப் போத்தல். காலடியில் இடியப்பப் பார்சல். பக்கத்தில் ஒரு பையில் முடித்தேங்காய்.

“தேங்காய் எதுக்கெணை ஆச்சி?”

“முறிகண்டியானுக்கு. நிப்பாட்டாமல் ஓடிப்போடாதை தம்பி.”

“நாங்கள் கட்டுநாயக்காவுக்குப் போகேல்லை ஆச்சி. பலாலிக்குப் போறம்.”

“எயாப்போட்டுக்குத்தானே போறம்? முறிகண்டியிலை உடைக்காமல் என்னெண்டு போறது?”

கொக்குவிலிலிருந்து பலாலிக்கு அரை மணித்தியாலம் போதும். முறிகண்டிப் பிள்ளையார் கோயில் எதிர்த்திசையில், ஆனையிறவும் கிளிநொச்சியும் தாண்டி இருக்கிறது. இதை நான் விளங்கப்படுத்த, ஆச்சி தலையை ஆட்டினார். ஆனால் தேங்காயைக் கையிலிருந்து விடவில்லை. உரும்பிராயில் வீதியோரத்து வைரவர் கோயில் ஒன்றில் வானை நிறுத்தினேன். இறங்கி உடைத்துவிட்டு வந்து, “பிள்ளையார் கோவிக்கமாட்டார்” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். இடியப்பப் பார்சலைப் பிரிக்க நேரமே வரவில்லை. அதை என்னிடமே தந்துவிட்டுப் போனார்.

நான் எயாப்போட் ஹயர் ஓடுகிறவன். பயணக் கணக்கெழுதிய கொப்பிகள் வீட்டில் அடுக்கிக் கிடக்கின்றன. பலாலியில் விமானம் ஒழுங்காக வரத் தொடங்கியதிலிருந்து கொப்பி மெதுவாகத்தான் நிரம்புகிறது. இந்தியாவுக்குப் போகிறவர்கள் இப்போது என்னைக் கூப்பிடத் தேவையில்லை. முச்சக்கரவண்டி போதும். ஆகவே இந்தக் கட்டுரையைப் படிக்கும்போது ஒன்றை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: என் வயிற்றில் அடிக்கும் ஒரு விமான நிலையத்துக்காகத்தான் நான் வாதாட வந்திருக்கிறேன். அதோடு, அதைப் பெரிதாக்க வேண்டாம் என்றும் சொல்லப்போகிறேன். இரண்டாவதுக்குத்தான் பேச்சு வாங்குவேன் என்று தெரியும்.

கட்டுநாயக்காப் பயணம் என்றால் என்னவென்று வடக்குக்கு வெளியே இருக்கிறவர்களுக்கு விளங்குவது கடினம். விமானம் விடியற்காலை என்றால் முதல்நாள் பின்னேரமே வெளிக்கிடவேண்டும். போகிறவர் ஒருவர், ஏற்றிவிட வருகிறவர்கள் எட்டுப்பேர். முறிகண்டியில் தேங்காயும் கச்சானும். வவுனியாவில் தேத்தண்ணி. மதவாச்சி, அனுராதபுரம், புத்தளம் கடந்து சிலாபத்தை நெருங்கும்போது விடிய மூன்று மணியாகும். பின்னால் எல்லோரும் நித்திரை. சாரதி மட்டும் பச்சைமிளகாயைக் கடித்துக்கொண்டு கண்ணைத் திறந்து வைத்திருப்பான். மிளகாயைக் கடித்தது நான்தான், கேள்விப்பட்டதைச் சொல்லவில்லை.

2002இல் ஏ9 பாதை திறந்தபோது இதே பயணத்தில் நாலு இடத்தில் பெட்டி திறந்தோம். முகமாலையில் இராணுவம், பளையில் புலிகள், புளியங்குளத்தில் மறுபடி புலிகள், ஓமந்தையில் மறுபடி இராணுவம். லண்டனுக்குப் போகும் மாப்பிள்ளையின் பலகாரப் பெட்டியை நாலாவது தடவை கட்டும்போது பயித்தம்பணியாரம் மாவாகியிருக்கும். 2006 ஆவணியில் பாதை மூடியது. அதன்பிறகு அனுமதிப் பத்திரம் எடுத்து, காங்கேசன்துறையில் கப்பலேறித் திருகோணமலை போய், அங்கிருந்து கொழும்பு போனார்கள். வசதியுள்ளவர்கள் பலாலியில் விமானம் பிடித்து இரத்மலானைக்குப் போனார்கள். என்னுடைய வான் வீட்டில் நின்றது. சக்கரத்துக்குக் கீழே கோழி முட்டையிட்டது.

போர் முடிந்தபின் வீதி கார்ப்பெட்டானது. வேகம் கூடியது. நித்திரை குறையவில்லை. பதினைந்து வருடம் கழித்து ஊர் பார்க்க வந்தவர், கட்டுநாயக்காவில் இறங்கி வீடு வந்து சேராமலே வீதியில் முடிந்துபோன கதைகள் உண்டு. இந்தப் பத்திரிகையின் மரண அறிவித்தல் பக்கத்தை நாள்தோறும் பார்ப்பவர்களுக்கு நான் விரித்துச் சொல்லத் தேவையில்லை.

பலாலியிலிருந்து திருச்சி நேர்கோட்டில் 180 கிலோமீற்றர் அளவில் வரும். கட்டுநாயக்கா நேர்கோட்டிலேயே 290. வீதியால் 350க்கும் மேல். வரைபடம் எந்தக் காலத்திலும் இப்படித்தான் இருந்தது. 1947 டிசம்பர் 10ஆம் திகதி, நாடு சுதந்திரம் பெறுவதற்கு இரண்டு மாதம் இருக்கும்போது, எயார் சிலோனின் முதலாவது விமானமான டக்கோட்டா ஒன்று இரத்மலானையிலிருந்து கிளம்பிச் சென்னைக்குப் போனது. போகிற வழியில் இறங்கிய இடம் பலாலி. காங்கேசன்துறை என்று அப்போது சொன்னார்கள். இரண்டாம் உலகப்போரில் பிரித்தானிய வான்படை போட்ட ஓடுபாதை அது. இந்த நாட்டின் விமானசேவை தன் முதல் பறப்பிலேயே மிதித்த மண்ணைத்தான் 2019இல் “புதிய” சர்வதேச விமான நிலையம் என்று திறந்தார்கள்.

என்னுடைய பெரியப்பா அறுபதுகளின் கடைசியில் திருச்சிக்குப் பறந்தவர். போன காரணம் ஒரு கலியாணக் கூறைச்சேலை. அங்கே தியேட்டரில் இரண்டு படம் பார்த்ததாகவும் சொல்வார். சேலை என்ன நிறமென்று கேட்டால் யோசிப்பார். படத்தின் கதை மட்டும் சாகும்வரை நினைவிருந்தது.

பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். எழுபதுகளின் கடைசியில் அந்த விமானங்கள் நின்றன. போர் வந்தது. 1987இல் இந்திய அமைதிப்படை வந்து இறங்கியது இங்கேதான். 1990 ஆனியில் வலிகாமம் வடக்கு மக்கள் கையில் அகப்பட்டதோடு வெளியேறினார்கள்; விமானத்தளத்தைச் சுற்றி உயர் பாதுகாப்பு வலயம் வளர்ந்தது. 1998 செப்டெம்பர் 29ஆம் திகதி பலாலியிலிருந்து கொழும்புக்குக் கிளம்பிய லயன் எயார் விமானம் மன்னார்க் கடலுக்கு மேலே புலிகளால் சுட்டு வீழ்த்தப்பட்டு, அதிலிருந்த 55 பேரும் இறந்தார்கள். பலாலி என்ற சொல்லைக் கேட்டால் எங்கள் தலைமுறை வானத்தைப் பார்க்கும், பதுங்குகுழியைத் தேடும். பயணம் ஞாபகத்துக்கு வராது.

2019 ஒக்டோபர் 17 அன்று சென்னையிலிருந்து முதல் விமானம் வந்தது. பெயர்ப்பலகையில் தமிழ் முதலில் இருப்பதைப் பற்றிச் சிலர் சண்டை பிடித்தார்கள். அதற்கு நான் நேரம் செலவழிக்கமாட்டேன். நவம்பரில் வழமையான சேவை தொடங்கி, மார்ச் மாதம் கொரோனாவோடு நின்றது. மறுபடி வந்தது 2022 டிசம்பர் 12. அதற்குப்பிறகு 2024 செப்டெம்பர் முதல் இண்டிகோ சென்னைக்குத் தினமும் பறக்கிறது. 2025 மார்ச் 30 தொடக்கம் திருச்சிக்கும். எல்லாம் ஏ.ரி.ஆர். 72 ரகம். எழுபது சொச்சம் பேர் ஏறும், விசிறி சுற்றும் சின்ன விமானம்.

இந்தச் “சின்ன” என்ற சொல்தான் எங்கள் ஆட்களுக்குக் கண்ணில் விழுந்த தூசி.

போன நல்லூர்த் திருவிழாவுக்கு ரொறன்ரோவிலிருந்து வந்த ஒருவரைக் கட்டுநாயக்காவிலிருந்து ஏற்றி வந்தேன். ஏறியதிலிருந்து இதே கதை.

“அண்ணை, ரொறன்ரோவிலை ஏறினால் நேரே பலாலியிலை இறங்கவேணும். ஜம்போ வரவேணும். ஓடுபாதையை நீட்டச் சொல்லுங்கோ. காசு நாங்கள் தாறம்.”

“எந்தப் பக்கமாய் நீட்டுறது தம்பி?”

“அது இஞ்சினியர்மார் பாப்பினம்.”

“இஞ்சினியர்மார் பாக்கிற பக்கத்திலை என்ரை காணியும் கிடக்கு.”

அவர் சிரித்தார். பிறகு சிரிக்கவில்லை. சிலாபம் வரை பேச்சில்லை.

நான் வசாவிளான். தொண்ணூறாம் ஆண்டு அம்மாவைச் சைக்கிள் பாரில் ஏற்றிக்கொண்டு வெளிக்கிட்டவன். செம்மண் காணி, வாழையும் வெங்காயமும் போகத்துக்குப் போகம் மாறிவரும். கிணறு ஒன்று, கல்லுக்கட்டு. உறுதி அம்மாவின் றங்குப்பெட்டியில் இருந்தது. இப்போது என்னுடைய அலுமாரியில். வலிகாமம் வடக்கில் காணி துண்டு துண்டாக விடப்பட்டு வருகிறது. மயிலிட்டித் துறைமுகம் 2017இல் மக்களிடம் திரும்பியது. எங்கள் துண்டு இன்னும் வரவில்லை. இதற்காக ஓடுபாதையில் எனக்குக் கோபமில்லை. இருக்கும் ஓடுபாதைக்கு எவ்வளவு நிலம் தேவையோ அது இருக்கட்டும். அளந்து கல் நாட்டி, மிச்சத்துக்கு வேலி எதற்கு என்றுதான் கேட்கிறேன். எடுத்த நிலத்துக்கு உறுதிக்காரரைக் கூப்பிட்டுக் கணக்குத் தீர்த்தால் இந்தப் பிரச்சினையில் பாதி முடியும். இந்தக் கணக்கு முடியாமல் “இன்னும் ஆயிரம் மீற்றர்” என்று யார் சொன்னாலும், அது கனடாவிலிருந்து வந்த நல்ல மனமாகவே இருந்தாலும், அந்த ஆயிரம் மீற்றர் யாரோ ஒருவருடைய வாழைத்தோட்டத்துக்கு மேலால்தான் போகும்.

நீளம் என்ன கொண்டுவரும் என்பதற்கு நாட்டில் உதாரணம் உண்டு. மத்தள. 2013 மார்ச்சில் திறந்தார்கள். சீனக் கடன். ஓடுபாதை 3,500 மீற்றர். எந்தப் பெரிய விமானமும் இறங்கலாம். விமானம் வரவில்லை. சரக்கு மண்டபத்தில் நெல்லைக் கொண்டுபோய்ச் சேமித்தார்கள். உலகத்திலேயே வெறுமையான சர்வதேச விமான நிலையம் என்று வெளிநாட்டுப் பத்திரிகைகள் எழுதின. எனக்கு அதில் ஒரு சந்தோஷமும் இல்லை; அந்தக் கடனை நானும்தான் கட்டுகிறேன், டீசல் அடிக்கிற ஒவ்வொரு தடவையும்.

மத்தளவுக்கு ஆள் இல்லாமல் போனது ஏன்? அங்கிருந்து போகவேண்டிய தேவையுள்ள ஊர் பக்கத்தில் இல்லை. பலாலிக்கு அந்தத் தேவை காலாகாலமாக இருக்கிறது. சிதம்பரத்துக்கு நேர்த்தி வைத்தவர்கள் இருக்கிறார்கள். வேளாங்கண்ணிக்குப் போகும் பாஷையூர், குருநகர் ஆட்கள், இருதய ஒப்பரேசனுக்குச் சென்னை போகிறவர்கள், அங்கே படிக்கும் பிள்ளைகள், கலியாணச் சேலை எடுக்கப் போகும் கூட்டம் எல்லோருக்கும் போகவேண்டிய இடம் அந்தக் கரைதான். தமிழ்நாட்டிலிருந்து நல்லூரும் நயினாதீவும் பார்க்க வருகிறவர்களும் உண்டு. இவ்வளவு பேருக்கும் ஜம்போ தேவையில்லை. எழுபது பேர் ஏறும் விமானம் ஒரு நாளைக்கு இரண்டு தடவைக்குப் பதிலாக நாலு தடவை வரவேண்டும். அது ரத்தாகாமல் வரவேண்டும். கூலி வேலை செய்கிறவரும் வருடத்துக்கு ஒருக்கால் ஏறக்கூடிய விலையில் ரிக்கெட் இருக்கவேண்டும்.

வந்து நின்று, வந்து நின்று போவதுதான் எங்கள் கடலுக்கு வந்த வியாதி. நாகப்பட்டினம் - காங்கேசன்துறைக் கப்பல் 2023 ஒக்டோபரில் தொடங்கி ஒரு கிழமைக்குள் நின்றது. அடுத்த ஆவணியில் மறுபடி ஓடியது. நாளைக்கு நிச்சயமாக வரும் என்று தெரியாத ஒன்றை நம்பி எந்த வியாபாரி தொழில் தொடங்குவான்? எந்தக் குடும்பம் வைத்தியரிடம் திகதி வாங்கும்? நேரசூசி ஒன்று மூன்று வருடம் மாறாமல் ஓடினால், ஓடுபாதையை நீட்டாமலே பலாலி பெரிதாகிவிடும்.

ரொறன்ரோத் தம்பிக்கும் இதில் விடை இருக்கிறது. அவர் சென்னையில் மாறிப் பலாலிக்கு வரலாம். இப்போது பலர் தயங்குவது ஏன் தெரியுமா? ரிக்கெட் இரண்டாக எடுத்தால் சென்னையில் குடிவரவு கடந்து வெளியே வந்து, பெட்டியை எடுத்து, மறுபடி உள்ளே போகவேண்டும். அதற்கு இந்திய விசா வேண்டும். ரொறன்ரோவிலோ சூரிச்சிலோ போட்ட பெட்டி பலாலியில் வந்து விழக்கூடிய ஒரே ரிக்கெட்டைப் பரவலாக்கினால், விசா இல்லாமல் சென்னையில் சில மணித்தியாலம் இருந்து மாறிக்கொள்ளும் வழி செய்தால், அவருக்கு ஜம்போ தேவைப்படாது. இது இரண்டு அரசாங்கங்களும் விமானக் கம்பனிகளும் மேசையில் இருந்து பேசித் தீர்க்கக்கூடிய விடயம். ஒரு பிடி சீமெந்தும் செலவாகாது. அதனால்தானோ என்னவோ யாருக்கும் இதில் ஆர்வமில்லை. அடிக்கல் நாட்ட முடியாத வேலைக்கு மந்திரிமார் வருவதில்லை.

சரக்கும் அப்படித்தான். எங்கள் பக்கத்து மரக்கறி லொறியில் தம்புள்ளைக்குப் போகிறது. கறுத்தக்கொழும்பான் மாம்பழம் அந்தச் சூட்டில் பாதி வழியிலேயே கனிந்துவிடும். ஏ.ரி.ஆரின் வயிறு சிறியது, ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் காலையில் பிடித்த நண்டுக்கும், கூடையில் அடுக்கிய மாம்பழத்துக்கும் அந்தச் சிறு வயிறு போதும். வேண்டியது ஒரு குளிர் அறை, தாவர நோய் பார்க்கும் அதிகாரி, சுங்கத்துக்கு ஒரு மேசை, இரண்டு கரையிலும்.

ஒரு விடயம் மட்டும் பணத்தாலோ நேரசூசியாலோ தீராது. 2025 மே மாதத்தில் எழுபது வயது கடந்த ஒருவர் தமிழ்நாட்டில் அகதியாக வாழ்ந்துவிட்டு, முறையான ஏற்பாட்டோடு, பத்திரங்களோடு திரும்பி வந்து பலாலியில் இறங்கினார். இறங்கியதும் கைதுசெய்தார்கள். போர்க்காலத்தில் கடவுச்சீட்டு இல்லாமல் நாட்டை விட்டுப் போனது குற்றம். வள்ளத்தில் ஏறும்போது மன்னார்க் கரையில் யார் கடவுச்சீட்டில் முத்திரை குத்திக்கொண்டு இருந்தார்கள்? பலத்த கண்டனம் எழுந்தது, சட்டத்தைத் திருத்துவதாகப் பேசப்பட்டது. ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் இன்னும் தமிழ்நாட்டு முகாம்களில் இருக்கிறார்கள். அவர்கள் ஒவ்வொருவருக்கும் அந்தச் செய்தி போய்ச் சேர்ந்திருக்கும். அவர்களுக்கு மிகக் கிட்டிய வழி பலாலி. அந்த ஒரு வழியில் பயம் இருக்கும்வரை, மண்டபத்தை எவ்வளவு குளிரூட்டி வைத்து என்ன?

நானும் ஒருமுறை பறந்தேன். திருச்சிக்கு. மருமகள் பக்கத்தில் ஒரு கலியாணம். மகன் ரிக்கெட் எடுத்துத் தந்தான். வாழ்நாள் முழுக்க ஆட்களை ஏற்றிவிட்டவன், அறுபத்திநாலு வயதில் முதல்முறை ஏறினேன். பெல்ற் மாட்டத் தெரியவில்லை. பக்கத்திலிருந்த சின்னப் பெட்டை ஒன்று மாட்டிவிட்டது.

ஏ.ரி.ஆருக்கு இறக்கை உடம்பின் மேல்பக்கத்தில் இருக்கிறது. அதனால் ஜன்னலுக்குக் கீழே எதுவும் மறைக்காது. நிலம் முழுக்கத் தெரியும். இதை யாரும் எனக்கு முதலே சொல்லியிருக்கவில்லை. ஓடுபாதை பின்னால் போனதும் செம்மண் தெரிந்தது. கல் ஒழுங்கை ஒன்று. பனைக் கூட்டம். கூரையில்லாத சுவர்கள், உள்ளே மரம் வளர்ந்து நின்றன. எங்கள் கிணற்றைக் கண்டுபிடித்துவிடலாம் என்று நெற்றியைக் கண்ணாடியில் வைத்து அழுத்தினேன். கிணற்றுக்கு வடக்கே இரண்டு பனை சாய்ந்து நிற்கும், அதுதான் அடையாளம். சாய்ந்த பனை ஒன்றைக் கண்டேன். இரண்டாவதைத் தேடுவதற்குள் கடல் வந்துவிட்டது.

திரும்பும்போது திருச்சியில் மேசையில் இருந்த பிள்ளையிடம் மற்றப் பக்கத்து ஜன்னல் கேட்டு வாங்கினேன்.